சட்டைக்கு ஆதாரம் கேட்கிறார்கள்

1

ஐந்து வருடமாக நான் ஊரான் துணியைத் துவைத்துச் சம்பாதிக்கிறேன். எம்.ஏ. வரலாறு படிக்க வைத்த என் அம்மாவிடம் இதைச் சொல்லிப் பாருங்கள், விளக்குமாற்றைத் தேடுவாள். ஆனால் உண்மை அதுதான்.

கனடாவில் நாங்கள் இருக்கும் ஊரில் ஏரிக்கரையோரம் ஒரு பழைய கோட்டை இருக்கிறது. கோட்டை என்றதும் நம் செஞ்சி ராஜகிரியை நினைத்துக்கொள்ளாதீர்கள். ராஜகிரி அடிவாரத்தில் இருக்கும் நெற்களஞ்சியத்துக்குள் இந்தக் கோட்டையை மொத்தமாகத் தூக்கி வைத்துக் கதவைச் சாத்திவிடலாம். ஆனாலும் அதற்கு டிக்கெட், வரைபடம், கழிவறை, ஐஸ்கிரீம் கடை எல்லாம் உண்டு. மே மாதம் திறந்தால் அக்டோபரில் மூடுவார்கள். அந்த ஆறு மாதமும் நான் கம்பளிப் பாவாடையும் துணித்தொப்பியும் மாட்டிக்கொண்டு மரத்தொட்டி முன்னால் நிற்பேன். இருநூறு வருடத்துக்கு முன்னால் அங்கே சிப்பாய்களின் துணியைத் துவைத்துப் போட்ட ஒரு சிப்பாயின் பெண்டாட்டி நான். சண்டை நடந்தபோது பெண்கள் என்ன செய்தார்கள், எதைத் தின்றார்கள், யாருக்காகக் காத்திருந்தார்கள் என்று வருகிறவர்களுக்குச் சொல்ல வேண்டும். அதுதான் வேலை.

இந்த வேலைக்கு ஆங்கிலத்தில் இன்டர்ப்ரெட்டர் என்று பெயர், தமிழில் என்ன பெயர் என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. சென்னை விமான நிலையத்தில் ஒவ்வொரு தடவையும் என் தொழிலைப் படித்துவிட்டு, "இன்டர்ப்ரெட்டரா? எந்த லாங்க்வேஜ் மேடம்?" என்று கேட்பார்கள். மொழி இல்லை, கோட்டை என்று விளக்கத் தொடங்கினால் பின்னால் நிற்பவர்கள் உச்சுக் கொட்டுவார்கள். செஞ்சி கூட்டு ரோட்டில் பூக்கடைக்காரம்மா இதைவிடத் தெளிவாகப் புரிந்துகொண்டாள். "கூத்து கட்டறியா? அதுக்கு எதுக்கும்மா கனடா போன, இங்கியே கட்டலாமே" என்றாள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் கோட்டையில் ஒரு சட்டம். எதைச் சொன்னாலும் அதற்கு எழுத்தில் ஆதாரம் இருக்க வேண்டும். சலவைக்காரி காலையில் கஞ்சி குடித்தாள் என்று சொன்னால், எந்தக் கடிதத்தில், எந்தக் கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது என்று ஆதாரத் தாளில் குறித்திருக்க வேண்டும். இந்தச் சட்டத்தை நான் மீறிவிட்டேன். தெரிந்தேதான் மீறினேன்.

ஒருநாள் மழை. வந்திருந்த பள்ளிக்கூடப் பிள்ளைகள் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார்கள். சோப்பு காய்ச்சும் விதத்தைப் பத்தாவது தடவையாகச் சொல்ல எனக்கே அலுப்பாக இருந்தது. கொடியில் ஒரு சட்டை தொங்கியது. வாயில் வந்துவிட்டது: "இது என் புருஷன் சட்டை. அவர் சண்டைக்குப் போயிருக்கிறார். அழுக்கே ஆகாத இந்தச் சட்டையை அடிக்கடி நனைத்துக் கொடியில் போடுவேன். ஆண்பிள்ளை இருக்கிற வீடு என்று போகிறவன் வருகிறவன் நினைத்துக்கொள்ளட்டும்."

கொட்டாவி நின்றது. ஆசிரியை மூக்கை உறிஞ்சினாள். அன்றிலிருந்து மூன்று கோடைகாலமாக அந்தச் சட்டைக் கதையைத்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அது அந்தக் கோட்டைச் சட்டையே அல்ல, செஞ்சிச் சட்டை. கார்கில் சண்டை நடந்த வருஷம் எங்கள் வீட்டுக் கொடியில் காய்ந்த என் நைனாவின் நீலக்கட்டம் போட்ட சட்டை. எனக்கு அப்போது ஒன்பது வயது. நைனா மிலிட்டரியில் லாரி ஓட்டினார். ஏம்மா போட்டுக்காத சட்டையைத் துவைக்கறே என்று கேட்டதற்கு அம்மா சொன்ன பதில்தான் நான் ஆங்கிலத்தில் சொன்னது.

ஆசிரியை ஒருத்தி, இந்த அருமையான தகவல் எந்தப் புத்தகத்தில் இருக்கிறது என்று கேட்டு எழுதிவிட்டாள். என் மேலாளர் மார்கரெட் என்னைக் கூப்பிட்டாள். நல்லவள். அதுதான் தொல்லை, நல்லவளிடம் கோபித்துக்கொள்ளவும் முடியாது. டீ ஊற்றிக் கொடுத்துவிட்டு, "கலா, இதற்கு ஆதாரம் என்ன?" என்றாள். என் அம்மா என்றேன். ஆதாரத் தாளை எடுத்துப் புரட்டினாள்.

கடைசியில் ஒரு வழி சொன்னாள். அடுத்த வருடம் சண்டைக் காலத்துப் பெண்கள் என்று புதிதாக ஒரு நிகழ்ச்சி வருகிறது. அதில் வேஷம் இல்லாமல், என் சொந்தத் துணியில், என் சொந்தப் பெயரில், பத்து நிமிடம் இந்தக் கதையைச் சொல்லலாம். ஆனால் நாலு பக்கப் படிவம் ஒன்றில் அம்மாவும், கதையில் வருகிறவர்களில் உயிரோடு இருக்கும் எல்லோரும் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும். இல்லையென்றால் சட்டையைக் கொடியிலிருந்து எடுத்துவிட வேண்டியதுதான், மறுபடி அதைப் பற்றி மூச்சு விடக் கூடாது.

எனக்கு அழுகையே வந்துவிட்டது. அந்த வேலையில் நான் சொல்கிறவற்றில் என்னுடையது என்று இருந்தது அது ஒன்றுதான்.

2

மார்கழியில் நைனாவுக்கு இரண்டாவது வருஷத் திதி. பள்ளிக்கூட விடுமுறையும் சேர்ந்து வந்ததால் மகள் நிலாவையும் படிவத்தையும் எடுத்துக்கொண்டு செஞ்சிக்கு வந்தேன்.

நிலாவுக்கு ஒன்பது வயது. அவள் தமிழைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். வீட்டில் எங்களோடு ஆங்கிலம். நாங்கள் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் வரும். கத்திப் பார்த்து அலுத்து, சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் சேர்த்தேன். அங்கே சொல்லிக்கொடுக்கும் டீச்சர் யாழ்ப்பாணத்துக்காரர், தங்கமான மனுஷி. பலன், என் பெண் பேசும் கொஞ்சத் தமிழும் கடல் தாண்டின தமிழாகிவிட்டது. வந்து இறங்கியதும் என் அம்மாவைப் பார்த்து "அம்மம்மா, சுகமா இருக்கிறீங்களோ?" என்றாள்.

அம்மா என்னைப் பார்த்தாள். "இன்னாடி இது, ரெண்டு அம்மா போட்டுக் கூப்புடுது? ஆயான்னு கூப்புடச் சொல்லிக் குடுக்கலியா நீ?"

இரண்டு நாள் கழித்து நல்ல நேரம் பார்த்துப் படிவத்தை எடுத்தேன். அம்மா மணையில் உட்கார்ந்து மல்லாட்டை உரித்துக்கொண்டிருந்தாள். வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்கிறேன், எங்கள் பக்கம் வேர்க்கடலைக்கு அதுதான் பெயர். அவளுக்கு ஐம்பத்தெட்டு வயது. நூறு நாள் வேலைக்குப் போகிறாள், சொந்தக் காணியில் கடலை போடுகிறாள், யாரோடும் சரிக்குச் சரி நிற்பாள். ஆனால் காகிதம் என்றால் மட்டும் பாம்பைப் பார்த்த மாதிரி எழுந்து நின்றுவிடுவாள்.

"நாலு பக்கமா? வி.ஏ.ஓ. சீல் வெக்கணுமா?"

"வேணாம்மா. நீ கையெழுத்துப் போட்டாப் போதும்."

"போட்டா ஆதார்ல ஏறிடுமா?"

"ஏறாதும்மா."

"ரேஷன்ல கை வெச்சிடப் போறானுங்க."

"ஐயோ, இது கனடாக்காரங்க ஃபாரம்மா! உனக்கு ரேஷன் கார்டு இருக்குதுன்னே அவங்களுக்குத் தெரியாது."

"அப்பிடித்தான் சொல்லுவானுங்க. இன்னா எழுதியிருக்குது, படி."

சட்டைக் கதையைச் சொன்னேன். அங்கே வெள்ளைக்காரர்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வதையும் சொன்னேன். அம்மா பெருமைப்படுவாள் என்று நினைத்தேன். உரித்துக்கொண்டிருந்த கை நின்றது.

"ஆம்பள இருக்கற வீடுன்னு காட்டவா? எவடி சொன்னா ஒனக்கு?"

"நீதாம்மா சொன்ன."

"ஒம்போது வயசுப் புள்ள கேட்டா வாயில வந்தத சொல்றதுதான். அத்த போயி ஊரு ஒலகத்துக்கெல்லாம் சொல்லிக்கினு இருக்கியா? படிச்சவதானே நீ? உங்க நைனா மிலிட்டரியில இருக்காருன்னு தெருவுல நாய்க்குக்கூடத் தெரியும். சட்டையப் பாத்து எவன்டி ஏமாறுவான்?"

மூன்று கோடைகாலம் ஆயிரம் பேருக்கு முன்னால் சொல்லியிருக்கிறேன். ஒருத்தருக்கும் இது தோன்றவில்லை. வரலாறு படித்த எனக்கும் தோன்றவில்லை.

"அப்ப எதுக்குத்தாம்மா போட்ட?"

"கையெழுத்தும் கெடையாது, ஒண்ணும் கெடையாது. அதுல அஞ்சல வருவா. அந்தப் பேச்சே வேணாம்" என்று முறத்தைத் தூக்கிக்கொண்டு தோட்டத்துப் பக்கம் போய்விட்டாள்.

அஞ்சலை எங்கள் எதிர்வீடு. நான் பெரியம்மா என்று கூப்பிடுவேன். அவள் புருஷன் ஏழுமலை நைனாவோடு ஒரே இடத்தில் இருந்தவர், அந்தச் சண்டையில் செத்துப்போனவர். அன்றிலிருந்து அம்மாவும் அவளும் பேசுவதில்லை. இருபத்தாறு வருஷம், ஒரே தெரு, எதிரெதிர் வாசல். இவள் கோலம் போட வந்தால் அவள் உள்ளே போவாள், அவள் தண்ணீர் பிடிக்க வந்தால் இவள் குடத்தை வைத்துவிட்டு வந்துவிடுவாள். நைனா செத்தபோது அஞ்சலை வந்தாள், கால்மாட்டில் கொஞ்ச நேரம் நின்றாள், போய்விட்டாள்.

3

அம்மா முகம் கொடுத்துப் பேசாத வீட்டில் எத்தனை நேரம் உட்கார்ந்திருப்பது? நிலாவை இழுத்துக்கொண்டு கோட்டைக்குப் போனேன். எனக்கும் ஊர்ப் பெருமை இருக்காதா, உன் ஏரிக்கரைக் கோட்டை எல்லாம் ஒரு கோட்டையா, இதைப் பார் என்று காட்ட வேண்டாமா?

யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்த பிறகு கூட்டம் கூடியிருக்கிறது. ஒரு வழிகாட்டி எங்களோடு ஒட்டிக்கொண்டார். கல்யாண மஹாலிலிருந்து அடிவாரம் வரை பீரங்கி, ராஜா, குதிரை, மறுபடி பீரங்கி. குதிரை எங்கிருந்து எங்கே தாவியது என்று கையை நீட்டிக் காட்டினார். அந்தத் தூரம் விமானத்துக்கே கஷ்டம். ஆதாரத் தாளோடு மார்கரெட் பக்கத்தில் நின்றால் எப்படி இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

நிலா நடுவில் கேட்டாள்: "பொம்பிளையள் எங்க இருந்தவை?"

அவர் என்னைப் பார்த்தார். பெண்களைப் பற்றிக் கேட்கிறாள் என்றேன்.

"ராணி! ராஜா செத்ததும் தீயில எறங்கிட்டாங்க பாப்பா" என்றார் உற்சாகமாக.

"மத்தவங்க?" என்றேன். "வருஷக்கணக்கா முற்றுகை நடந்த கோட்டைங்க இது. இத்தனை படிக்கட்டு ஏறித் தண்ணி தூக்கினது யாரு? இத்தனை பேருக்கு மாவு அரைச்சது யாரு? புருஷன் மேல காவல் நிக்கறான்னா கீழ இருந்தவ என்ன பண்ணா?"

"அதெல்லாம் ஹிஸ்டரில இல்ல மேடம்" என்றார். சொல்லிவிட்டு ஓரக்கண்ணால் என் கைப்போனைப் பார்த்தார். "நீங்க யூடியூபா? இன்டர்வியூ மாதிரி எடுத்தா பர்மிஷன் வேணும்."

எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. ஒரு நாட்டில் எழுத்தில் இல்லாததைச் சொல்லவே கூடாது என்கிறார்கள். இன்னொரு நாட்டில் குதிரையை மலைக்கு மலை தாவ விடலாம், தண்ணீர் தூக்கினவளை மட்டும் சொல்லக் கூடாது. ஒரு பெண் இவர்கள் வாயில் வர வேண்டுமென்றால் தீயில்தான் இறங்க வேண்டும் போலிருக்கிறது.

அஞ்சலைப் பெரியம்மாவுக்கும் இந்தக் கூத்து வருஷா வருஷம் நடக்கிறது. ஜூலை மாதம் மேடை போட்டு ஏழுமலை படத்துக்கு மாலை போடுவார்கள். அவளைக் கூட்டிப்போய் உட்கார வைத்து, வீரத்தாய் என்று மைக்கில் கத்துவார்கள். தாய் இல்லையடா, பெண்டாட்டி என்று ஒருத்தனும் திருத்த மாட்டான். பொன்னாடை போர்த்தி, பேசச் சொல்வார்கள். அவள் மைக்கைப் பார்த்துக்கொண்டு நிற்பாள், கும்பிட்டுவிட்டு இறங்கிவிடுவாள். அந்தச் சண்டை நாட்களில் நீ என்னம்மா செய்தாய் என்று இதுவரை ஒருத்தர் கேட்டதில்லை. நானும் கேட்டதில்லை. அந்த எரிச்சலும் கோபத்தில் கொஞ்சம் இருந்தது.

வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் சொன்னேன்: "அம்மா, நீ சொல்லலன்னா நான் நேரா எதுர்வூட்டுக்குப் போறேன். பெரிம்மாவக் கேட்டுக்கறேன்."

"போவாத" என்றாள் அம்மா. குரல் ஒரு மாதிரி இருந்தது. "உக்காரு. சொல்றேன்."

4

அம்மா சொன்னதை என் மொழியில் சொல்கிறேன், அவள் சொன்ன விதத்தில் சொன்னால் நடுநடுவே என்னைத் திட்டினதும் சேர்ந்து வரும்.

அஞ்சலைக்குப் படிக்கத் தெரியாது. அம்மா எட்டாவது வரை படித்தவள். இரண்டு வீட்டுக்கும் மிலிட்டரியிலிருந்து கடிதம் வந்தால் அம்மாதான் படித்துச் சொல்வாள். ஆனால் காகிதம் வந்தாச்சு என்று தெருவில் கூவ முடியாது. கூவினால் டீக்கடையில் இருக்கிற ஆம்பிளைகள் எல்லாம் வந்து உட்கார்ந்துகொள்வார்கள். சண்டை எப்படி இருக்குதாம், எத்தனை பேர் செத்தானாம் என்று கடிதம் கைக்குக் கை போகும். பெண்டாட்டிக்கு எழுதின நாலு வரியை ஊரே படிக்கும். அதனால் இருவரும் ஒரு ஏற்பாடு செய்துகொண்டார்கள். எந்த வீட்டுக்குக் கடிதம் வருகிறதோ அந்த வீட்டுக் கொடியில் புருஷன் சட்டை ஏறும். சட்டையைப் பார்த்ததும் எதிர்வீட்டுக்காரி ஏதோ தயிர் கேட்க வருகிற மாதிரி வருவாள். கதவைச் சாத்திக்கொண்டு படிப்பார்கள்.

"ஆடி மாசம். இருவது நாளா ரெண்டு வூட்டுக்கும் ஒண்ணும் வரல" என்றாள் அம்மா. "டிவியில பொட்டி பொட்டியா காட்டறான். அஞ்சலக்கா அடுப்பு பத்த வெச்சி நாலு நாளு. புள்ளைங்க எங்கூட்லதான் சாப்டுங்க. அவ மட்டும் வாசப்படில ரோட்டப் பாத்துக்கினு உக்காந்துக்கினு இருந்தா. செத்துப் பூடுவான்னு தோணிச்சி எனக்கு. இன்னா பண்ணட்டும்? உங்க நைனா சட்டைய நனைச்சி கொடியில போட்டேன்."

"காகிதம்?"

"ஏது? வந்தாத்தான? பழைய காகிதம் ஒண்ண எடுத்து வெச்சிக்கினேன். ஓடியாந்தா. படிச்சேன். அண்ணன் எங்கூடத்தான் இருக்கறாரு, குளுருதான், வேற ஒண்ணும் இல்ல, அஞ்சலய நேரத்துக்குச் சாப்புடச் சொல்லுன்னு. எல்லாம் நானா இட்டுக்கட்டினது."

நான் கிட்டே நகர்ந்து உட்கார்ந்தேன்.

"அன்னிக்கு சோறு ஆக்கினா. பொக வர்றதப் பாத்தேன். எனக்கு அழுகையே வந்துடுச்சி. மூணாம் நாளு மிலிட்டரி ஜீப் வந்துது." முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்தாள். "ஏழுமல அண்ணன் அதுக்கு முன்னாடியே செத்துட்டாராம், கலா. நான் நல்லாருக்காருன்னு படிச்சிக்கினு இருந்தேன், அவரு செத்துக் கெடந்தாரு. எந்த மூஞ்ச வெச்சிக்கினு அவகிட்டப் போவேன்? உங்க நைனா வேற முழுசா திரும்பி வந்துட்டாரு."

அப்போதுதான் எனக்கு எல்லாம் விளங்கியது. இந்தக் கையெழுத்துக்கு அம்மா என்ன கொடுக்க வேண்டியிருக்கிறது என்று தெரியாமல் நான் பாட்டுக்குப் படிவத்தை நீட்டிக்கொண்டிருந்தேன். "வேணாம்மா, விட்டுடு. சட்டையும் வேணாம், ஒரு மண்ணும் வேணாம்" என்று காகிதத்தை மடித்தேன்.

அம்மாவைத்தான் உங்களுக்குத் தெரியாதே. வேண்டாம் என்று நாம் சொன்னால் அவளுக்கு வேண்டும். திதி முடிந்த மறுநாள் காலையில் இஸ்திரி போட்ட புடவையைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்றாள். "அந்த ஃபாரத்த எடுத்துக்கினு வா" என்றாள். நிலாவும் கூட வந்தாள்.

5

அஞ்சலைப் பெரியம்மா மாட்டுக்குத் தவிடு கலக்கிக்கொண்டிருந்தாள். பனிக்காகக் கன்றுக்குட்டி முதுகில் ஒரு பொன்னாடை கட்டியிருந்தது, ஜரிகையோடு. எங்களைப் பார்த்தாள். கையைக் கழுவிக்கொண்டு வந்தாள்.

"வா கலா. எப்ப வந்த? சாப்டியா?" அம்மா பக்கம் பார்க்கவில்லை. ஆனால் பாயை மூன்று பேருக்குமாகத்தான் விரித்தாள்.

அம்மா உட்காரவில்லை. ஒப்பித்துவிட வேண்டும் என்று வந்த பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி நின்றபடியே சொன்னாள். "யக்கா, அன்னிக்கு நான் படிச்சது பொய்யி. காகிதமே வரல. நீ சாப்புடலன்னு சட்டைய சும்மா போட்டேன். அண்ணன் நல்லாருக்காருன்னு எந்த வாயால சொன்னனோ..." அதற்கு மேல் முடியவில்லை.

அஞ்சலைப் பெரியம்மா எழுந்து உள்ளே போனாள். போச்சு, கதவைச் சாத்தப் போகிறாள் என்று நினைத்தேன். மெடல் வைக்கும் டப்பாவோடு திரும்பி வந்தாள். மெடலைத் தூக்கித் தரையில் வைத்துவிட்டு, அடியில் மடித்திருந்த இன்லேண்டு லெட்டரை எடுத்தாள்.

"இத்தானே படிச்ச? தலகாணிக்கு அடியில வெச்சிக்கறேன், குடுன்னு கேட்டேன். நீ ரொம்ப நேரம் யோசிச்சிட்டுக் குடுத்த."

அம்மா தலையாட்டினாள்.

"இந்தா, ஓரத்துல மஞ்சக் கறை பாரு. இது என் கையி. அதுக்கு முந்தின மாசம் நீ இத்தப் படிக்கும்போது நான் கொழம்புக்கு மஞ்ச அரைச்சிட்டு அப்பிடியே வந்து தொட்டேன். எனக்குப் படிக்கத்தான் தெரியாது மல்லிகா, கண்ணு தெரியாதா?"

அம்மா அப்படியே சரிந்து உட்கார்ந்தாள். "தெரிஞ்சா கேட்டுக்கினு இருந்த?"

"தெரிஞ்சேதான் கேட்டேன். இவ்ளோ பாடுபட்டு சொல்றாளே, சொல்லட்டும்னு. கேக்க நல்லாருந்துது. அவரு வாயால சாப்புடச் சொன்ன மாதிரியே இருந்துது. வந்து ஒல வெச்சேன்."

"அப்பறம் ஏன்க்கா இத்தினி வருசம் எங்கிட்டப் பேசல?"

"நானா பேசல?" அஞ்சலைப் பெரியம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது. "பொணம் வந்த அன்னிக்கு ஊரே வந்துது, கலெக்டரு வந்தாரு, நீ மட்டும் பின்னால போயி நின்ன. நீ வருவ, வருவன்னு பாத்தேன். காரியம் முடிஞ்சும் வரல. ஒனக்கு ஆளு திரும்பி வந்துட்டாரு, தாலி அறுத்தவ மூஞ்சில முழிக்கப் புடிக்கல போலன்னு நெனச்சேன். இருவத்தாறு வருசமா இத்த ஒளிச்சிக்கினா சுத்தன? பைத்தியக்காரி!"

அம்மா ஓவென்று அழுதாள். பெரியம்மா அவள் முதுகில் ஒரு அடி வைத்தாள். அடித்த கை அங்கேயே இருந்தது.

அதுவரை மூலையில் கன்றுக்குட்டியைத் தடவிக்கொண்டிருந்த நிலா கேட்டாள்: "அப்ப ரெண்டு பேருக்கும் பொய் எண்டு தெரியுமோ?"

"இது இன்னா பாஷ பேசுது?" என்றாள் பெரியம்மா, கண்ணைத் துடைத்துக்கொண்டே.

கடிதத்தை வாங்கிப் படித்துப் பார்த்தேன். நைனாவின் கோணல் கையெழுத்து. கடலைக்கு மருந்து அடித்தாகிவிட்டதா, மாடு சினையா, கலா கணக்கில் எத்தனை மார்க்கு. அவ்வளவுதான். ஏழுமலை பெயரே அதில் இல்லை.

இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டார்கள். அம்மா வேகமாக. பெரியம்மா பென்ஷனுக்காகக் கற்றுக்கொண்ட கையெழுத்தை ஒவ்வொரு எழுத்தாக நிறுத்தி. போட்டு முடித்துவிட்டு, "அங்க சொல்லும்போது வீரத்தாயி அது இதுன்னு சொல்லாத. மஞ்சக் கறையச் சொல்லு" என்றாள்.

6

மே மாதம் கோட்டை திறந்தது. எனக்கு மூச்சுவிட நேரமில்லை. இருவரும் சொன்னதைப் படிவத்தில் ஆங்கிலத்தில் எழுதி, செஞ்சியிலேயே ஸ்கேன் செய்த கடிதத்தோடு மார்கரெட்டிடம் கொடுத்தேன். இனிமேல் யார் என்ன கேட்க முடியும்? எழுத்தில் ஆதாரம் இருக்கிறது, தபால் முத்திரை இருக்கிறது, மஞ்சள் கறைகூட இருக்கிறது.

ஒரு வாரத்தில் மின்னஞ்சல் வந்தது. மிகவும் மனதைத் தொடும் கதை, நன்றி. ஒரே ஒரு சிக்கல். இணைத்துள்ள கடிதத்தில் இருப்பதற்கும் சாட்சிகள் சொல்வதற்கும் பொருத்தமில்லை. கடிதத்தில் விவசாயம் மட்டுமே உள்ளது. வாசிக்கப்பட்டதாகச் சொல்லப்படும் வாக்கியங்களைக் கேட்டவரிடம் தனியாக உறுதிப்படுத்தி அனுப்ப முடியுமா?

மேசையில் தலையை முட்டிக்கொள்ளலாம் போலிருந்தது. கடிதத்தில் இல்லாததுதானே தாயே கதை! நாலு பக்கம் எழுதியும் புரியவில்லையா? பல்லைக் கடித்துக்கொண்டு, ராத்திரி ஒன்பது மணிக்கு, வேஷத்தைக்கூடக் கழற்றாமல், கம்பளிப் பாவாடையோடு உட்கார்ந்து பெரியம்மாவுக்குப் போன் செய்தேன். செஞ்சியில் விடிந்து கொஞ்ச நேரம் ஆகியிருக்கும்.

விஷயத்தைச் சொன்னேன். "இன்னாத்துக்கு இத்தினி கேக்கறானுங்க? சரி எழுதிக்கோ" என்று ஒரு வார்த்தை பிசகாமல் சொன்னாள். அண்ணன் எங்கூடத்தான் இருக்கறாரு. குளுருதான், வேற ஒண்ணும் இல்ல. அஞ்சலய நேரத்துக்குச் சாப்புடச் சொல்லு. எழுதிக்கொண்டேன்.

"இப்ப ரெண்டு பேரும் பேசிக்கறீங்களா பெரிம்மா?"

"பேசாம? தெனம் சாயங்காலம் இங்கதான் கெடக்கறா உங்கம்மா. நேத்துகூட வந்து ஒன்னப் பத்தித்தான் பேச்சு. நீ ஒரு மணி நேரம் பேசினியாமே?"

நான் எழுதுவதை நிறுத்தினேன்.

"நிலாப் பொண்ணு ஆயா ஆயான்னு கூப்புட்டு பாட்டெல்லாம் பாடிச்சாமே. அடுத்த மார்கழிக்கும் வந்துடறேன்னு சொல்லிச்சாமே. வாரத்துக்கு ரெண்டு தபா போன் பண்றியாம். நல்ல புள்ளம்மா நீ."

கோட்டை திறந்ததிலிருந்து மூன்று வாரமாக நான் அம்மாவுக்குப் போன் செய்யவில்லை. நேரமில்லை, அப்புறம் பண்ணலாம், ஞாயிற்றுக்கிழமை பண்ணலாம் என்று தள்ளிக்கொண்டே போயிருந்தது. நிலா பாடினதில்லை. இன்று வரை அவள் அம்மாவை ஆயா என்று ஒரு தடவை கூப்பிட்டதில்லை.

"ஆமா பெரிம்மா" என்றேன். "நேத்துதான் பேசினேன். நிலா பாடிச்சி."

பெரியம்மாவுக்குப் பின்னால் மாடு கத்துவது கேட்டது.

"உம். கேக்க நல்லாருந்துது" என்றாள்.

போனை வைத்துவிட்டு அம்மாவுக்கு அடித்தேன். முதல் மணியிலேயே எடுத்துவிட்டாள்.